ஒரே கோடு, எல்லா ஓஎஸ்ஸுக்கும் பில்ட்: ஜிசிசி, கிளாங் வெச்சு கிராஸ் கம்பைல் பண்றது எப்படி

லினக்ஸ்ல உக்காந்து ஒரு சி ப்ரோக்ராம் எழுதியாச்சு, நல்லா ஓடுது. இப்ப ஒருத்தர் விண்டோஸ்ல வேணும்ங்கறாரு, இன்னொருத்தர் மேக்ல குடுங்கறாரு, மூணாவது ஆள் ஏஆர்எம் போர்டுல ஓட்டணும்ங்கறாரு. உடனே ஓஎஸ்ஸுக்கு ஒரு மெஷின் தேடிப் புடிச்சு ஒவ்வொண்ணுலயும் கம்பைலர் போட்டு பில்ட் எடுக்கணும்னு நினைக்கறவங்கதான் அதிகம். மேக்கைத் தவிர மத்ததுக்கு அது தேவையே இல்ல. கையில இருக்கற லினக்ஸ் மெஷின்லயே, காசு குடுக்காம, ஓபன் சோர்ஸ் கம்பைலர் வெச்சே எல்லாத்துக்கும் பில்ட் எடுத்துடலாம். இதைத்தான் கிராஸ் கம்பைல்ங்கறாங்க.

ஒண்ணை முதல்லயே சொல்லிடறேன். இதுல கம்பைலரை மாத்தறது இருக்கறதுலயே சுலபமான வேலை. மண்டை காயறதெல்லாம் அதுக்குப் பின்னாடி வர்ற ஹெட்டர் (என்னென்ன ஃபங்ஷன் இருக்குன்னு சொல்ற ஃபைல்), சி லைப்ரரி (அந்த ஃபங்ஷனோட கோடு), லிங்கர் (எல்லாத்தையும் ஒட்டி ஒரே ப்ரோக்ராமா ஆக்கறது) இந்த மூணுலதான். "இங்க கம்பைல் ஆச்சு, அங்க போய் ஓடல"ன்னு யாராவது வந்து நின்னா, கண்ணை மூடிக்கிட்டு லைப்ரரி பக்கம் போய்ப் பாருங்க. அதனால இங்கயும் கம்பைலரைப் பத்தி கம்மியா, மத்ததைப் பத்தி நிறையத்தான் வரும்.

அப்புறம், கமாண்டு, ஃபிளாக் எல்லாத்தையும் வாயால சொல்ற மாதிரியே எழுதியிருக்கேன், டெர்மினல்ல ஆங்கில எழுத்துல அடிச்சுக்கோங்க.

ஜிசிசியா கிளாங்கா

ஜிசிசி 1987ல ரிச்சர்ட் ஸ்டால்மன் வெளியிட்ட கம்பைலர். கிளாங், எல்எல்விஎம் (கம்பைலர் கட்டறதுக்கான அடித்தளம்) மேல உக்காந்திருக்கற கம்பைலர், எல்எல்விஎம்மை இல்லினாய் யூனிவர்சிட்டில 2000த்துல கிறிஸ் லாட்னர் ஆரம்பிச்சாரு, கிளாங் 2007ல ஓபன் சோர்ஸ் ஆச்சு. எது வேகமான கோடு தருதுன்னு சண்டை போடறதை விட்டுட்டு, நம்ம வேலைக்கு முக்கியமான ஒரு வித்தியாசத்தை மட்டும் மனசுல வெச்சுக்கோங்க. ஜிசிசியை ஒரு டார்கெட்டுக்குன்னு பில்ட் பண்ணிட்டா அது அந்த ஒண்ணுக்குத்தான், விண்டோஸுக்கு ஒரு ஜிசிசி, ஏஆர்எம் லினக்ஸுக்கு இன்னொரு ஜிசிசின்னு தனித்தனி பேக்கேஜா போடணும். கிளாங் அப்படி இல்ல, ஒரே பைனரிக்குள்ள (கம்பைல் ஆகி வந்த ப்ரோக்ராம் ஃபைல்) எல்லா ப்ராசஸருக்கும் கோடு போடற திறமை இருக்கு, டார்கெட்ங்கற ஃபிளாக்ல பேரைச் சொன்னா போதும்.

கேக்க கிளாங்தான் ஜாலின்னு தோணும். ஆனா கிளாங்கைக் கூப்ட்டு "விண்டோஸுக்கு போடு"ன்னா முதல் வரியிலயே எஸ்டிடிஐஓ.எச் கிடைக்கலன்னு நிக்கும். ஏன்னா அந்த ஊர் ஹெட்டரும் லைப்ரரியும் உங்க மெஷின்ல இல்ல. அதையெல்லாம் ஒரு ஃபோல்டர்ல கொண்டு வந்து வெச்சு அதைக் காட்டணும், அந்த ஃபோல்டருக்கு சிஸ்ரூட்னு பேரு. ஜிசிசி பேக்கேஜ் போடும்போது டிஸ்ட்ரோக்காரங்களே (டெபியன், உபுண்டு மாதிரி லினக்ஸ் தர்றவங்க) சிஸ்ரூட்டையும் சேர்த்து இறக்கிடறாங்க, அதனால முதல் தடவை பண்றவங்களுக்கு ஜிசிசி வழிதான் தொல்லை இல்லாம இருக்கும்.

அடுத்தது டிரிப்பிள். ஏஆர்ச்64-லினக்ஸ்-குனு, எக்ஸ்86_64-டபிள்யூ64-மிங்ஜிடபிள்யூ32 இந்த மாதிரி நீளமா வர்ற பேரெல்லாம் பாத்திருப்பீங்க. முதல்ல ப்ராசஸர், நடுவுல தயாரிச்சவர் பேரு (இது பல சமயம் இருக்காது, இருந்தாலும் பெருசா அர்த்தம் இல்ல), அப்புறம் ஓஎஸ், கடைசியில எந்த சி லைப்ரரி, எந்த ஏபிஐ (பைனரிங்க ஒண்ணோட ஒண்ணு பேசிக்கற முறை). லினக்ஸ்-குனுன்னா ஜிலிப்சி (பெரும்பாலான லினக்ஸ்ல வர்ற சி லைப்ரரி), லினக்ஸ்-மஸ்ல்னா மஸ்ல் லைப்ரரி. மிங்ஜிடபிள்யூ (விண்டோஸுக்கு பில்ட் எடுக்கற ஜிசிசி) பேருல கடைசியில 32ன்னு இருக்கேன்னு குழம்பிடாதீங்க, அது பழைய பேரு அப்படியே ஒட்டிக்கிட்டது, முன்னாடி எக்ஸ்86_64ன்னு இருந்தா 64 பிட்தான். ஐ686ன்னு ஆரம்பிச்சாத்தான் 32 பிட்.

பழைய கான்ஃபிகர் ஸ்க்ரிப்ட் இருக்கற ப்ராஜெக்ட்னா அதுல பில்ட், ஹோஸ்ட், டார்கெட்னு மூணு ஆப்ஷன் வரும், இதுல மாட்டாத ஆளே கிடையாது. பில்ட்ங்கறது நீங்க உக்காந்து கம்பைல் பண்ற மெஷின். ஹோஸ்ட்ங்கறது அந்த ப்ரோக்ராம் போய் ஓடப்போற மெஷின். டார்கெட்ங்கறது நீங்க ஒரு கம்பைலரையே பில்ட் பண்ணாத்தான் தேவை, அந்த கம்பைலர் யாருக்கு கோடு போடும்னு சொல்றதுக்கு. சாதாரண ப்ரோக்ராமுக்கு ஹோஸ்ட்ல மட்டும் டிரிப்பிளைக் குடுத்தா வேலை முடிஞ்சுது, டார்கெட்டைத் தொடவே தொடாதீங்க.

லினக்ஸ்ல இருந்து விண்டோஸுக்கு

டெபியன், உபுண்டுல மிங்ஜிடபிள்யூ-டபிள்யூ64ங்கற பேக்கேஜை ஆப்ட்ல இன்ஸ்டால் பண்ணுங்க. ஃபெடோரா, ஆர்ச்லயும் கிட்டத்தட்ட இதே பேருலதான் இருக்கு. போட்டதும் வழக்கமா ஜிசிசின்னு அடிக்கற இடத்துல எக்ஸ்86_64-டபிள்யூ64-மிங்ஜிடபிள்யூ32-ஜிசிசின்னு அடிங்க, பின்னாடி ஹலோ.சி -ஓ ஹலோ.எக்ஸ்இ. அவ்வளவுதான், எக்ஸ்இ வந்துரும். ஃபைல்ங்கற கமாண்டுல அதைக் குடுத்துப் பாத்தா பிஇ32+ எக்ஸிக்யூட்டபிள்னு சொல்லும். லினக்ஸ் பைனரின்னா எல்ஃப்னு சொல்லும், மேக்கோடதுன்னா மாக்-ஓ. இந்த ஃபைல் கமாண்டை ஒவ்வொரு பில்டுக்கு அப்புறமும் ஓட்டிப் பாக்கற பழக்கத்தை வெச்சுக்கோங்க, ஏன்னா பில்ட் சிஸ்டம் எங்கயாவது சைலண்டா உங்க லோக்கல் ஜிசிசியைக் கூப்ட்டு, எக்ஸ்இன்னு பேரு வெச்ச எல்ஃப் ஃபைலைக் கையில குடுக்கறது அப்பப்ப நடக்கும்.

ஓட்டிப் பாக்க விண்டோஸ் மெஷின் வேணும்னு இல்ல, வைன் (விண்டோஸ் ப்ரோக்ராமை லினக்ஸ்ல ஓட்டற டூல்) போட்டுக்கோங்க, வைன் ஹலோ.எக்ஸ்இன்னா ஓடும். வைன்ல ஓடினா விண்டோஸ்ல ஓடும்னு சத்தியம் பண்ண முடியாது, ஆனா வைன்ல ஓடலன்னா என்னமோ தப்புன்னு முக்கால்வாசி சொல்லிடலாம். ரிலீஸ் பண்றதுக்கு முன்னாடி ஒரு தடவையாவது நிஜ விண்டோஸ்ல ஓட்டுங்க.

இப்ப சி++ ப்ரோக்ராம்னு வெச்சுக்கோங்க. கம்பைல் ஆகும், வேற ஆளுக்கு அனுப்புவீங்க, அவரு டபுள் கிளிக் பண்ணா லிப்எஸ்டிடிசி++-6.டிஎல்எல் இல்லன்னு ஒரு பெட்டி வந்து நிக்கும். அதைத் தேடிப் புடிச்சு பக்கத்துல வெச்சா அடுத்து லிப்ஜிசிசி_எஸ்_எஸ்இஎச்-1.டிஎல்எல், அதையும் வெச்சா லிப்வின்பிதிரெட்-1.டிஎல்எல்னு வரிசையா வரும். டிஎல்எல்ங்கறது ப்ரோக்ராம் ஓடும்போது தனியா லோட் ஆகற லைப்ரரி ஃபைல், இது எதுவும் விண்டோஸோட வர்றதில்ல, ஜிசிசியோட சொந்த சாமான். ஒண்ணொண்ணா துரத்தாம, எந்த எந்த டிஎல்எல் வேணும்னு முதல்லயே பாத்துக்கலாம். மிங்ஜிடபிள்யூவோட ஆப்ஜ்டம்ப்ல -பி (சின்ன பி, ப்ரோக்ராம்ல வர்ற பி) குடுத்து, வர்ற அவுட்புட்ல டிஎல்எல் நேம்ங்கற வரிகளை மட்டும் கிரெப் பண்ணுங்க. கெர்னல்32, எம்எஸ்விசிஆர்டி, யூசர்32 இதெல்லாம் விண்டோஸ்லயே இருக்கறது, கவலை வேணாம். லிப்னு ஆரம்பிக்கறதெல்லாம் நீங்க கூட அனுப்ப வேண்டியது, இல்லன்னா உள்ளயே அமுக்க வேண்டியது.

உள்ள அமுக்கறதுக்கு லிங்க் பண்ணும்போது -ஸ்டாட்டிக் குடுங்க. நெட்ல நிறைய பேர் -ஸ்டாட்டிக்-லிப்ஜிசிசி, -ஸ்டாட்டிக்-லிப்எஸ்டிடிசி++ ரெண்டையும் போடச் சொல்லுவாங்க, தப்பில்ல, ஆனா வின்பிதிரெட் வெளியவே நின்னுடும், திரும்ப அதே பெட்டி. வெறும் -ஸ்டாட்டிக்தான் சுத்தம். எக்ஸ்இ சைஸ் கொஞ்சம் ஏறும், ஏறட்டும்.

டெபியன்ல இந்த கம்பைலர் ரெண்டு ரகமா வரும், பேரு கடைசியில -வின்32ன்னு ஒண்ணு, -போசிக்ஸ்னு ஒண்ணு. எஸ்டிடி::திரெட், எஸ்டிடி::மியூடெக்ஸ் எல்லாம் உங்க கோடுல இருந்தா போசிக்ஸ் ரகத்தை எடுங்க, பழைய ஜிசிசில வின்32 ரகத்துல அந்த கிளாஸே கிடையாது, "மியூடெக்ஸ் எஸ்டிடில இல்ல"ன்னு விசித்திரமா எர்ரர் வரும், கோடுல தப்பு தேடிக்கிட்டு உக்காந்திருப்பீங்க.

சாக்கெட் கோடு (நெட்வொர்க்ல பேசறது) இருந்தா -எல்டபிள்யூஎஸ்2_32 சேர்க்கணும், அதுவும் சோர்ஸ் ஃபைல் பேருக்கு பின்னாடி. லிங்கர் இடமிருந்து வலமாப் படிச்சுக்கிட்டே போகுது, லைப்ரரி பேரு முதல்ல வந்தா "இப்ப இதுல இருந்து யாருக்கும் எதுவும் வேணாமே"ன்னு தள்ளிவிட்டுப் போயிடும், அப்புறம் உங்க ஃபைலுக்கு வந்து அன்டிஃபைண்ட் ரெஃபரன்ஸ்னு கத்தும். ஜன்னல் வெச்ச ப்ரோக்ராமுக்குப் பின்னாடி கருப்பா கன்சோல் ஒண்ணு தெறந்துக்குதுன்னா -எம்விண்டோஸ் ஃபிளாக்.

விண்டோஸ் மெஷின்லயே உக்காந்து ஓபன் சோர்ஸ் கம்பைலர் வேணும்னா எம்எஸ்ஒய்எஸ்2 (விண்டோஸ்ல ஜிசிசி மாதிரி டூல் எல்லாம் தர்ற தொகுப்பு) போடுங்க. அதுல பல ஷெல் இருக்கும், யூசிஆர்டி64ன்னு இருக்கறதைத் தெறங்க. வெறும் எம்எஸ்ஒய்எஸ் ஷெல்லுல கம்பைல் பண்ணா எம்எஸ்ஒய்எஸ்-2.0.டிஎல்எல் இல்லாம ஓடாத எக்ஸ்இதான் வரும், சிக்வின்ல (யூனிக்ஸ் டூலை விண்டோஸ்ல ஓட்டற இன்னொரு தொகுப்பு) பண்ணாலும் அதே கதை, அங்க சிக்வின்1.டிஎல்எல். டபிள்யூஎஸ்எல்குள்ள (விண்டோஸுக்குள்ள லினக்ஸ் ஓட்டற வசதி) சாதா ஜிசிசில பண்ணா வர்றது லினக்ஸ் பைனரி, விண்டோஸ் பைனரி இல்ல. "விண்டோஸ்லதானே பண்ணேன்"னு இதைக் கேட்டு வர்றவங்க ஏராளம்.

கம்பைல் ஆகி ஓடி, தப்பா ஓடற கேஸ்

இதுதான் பயங்கரம், ஏன்னா எர்ரரே வராது.

லாங்ங்கற டைப்பை எடுத்துக்கோங்க. 64 பிட் லினக்ஸ்லயும் மேக்லயும் அது 8 பைட். 64 பிட் விண்டோஸ்ல 4 பைட்தான். ஃபைல் சைஸை லாங்ல வாங்கி வெச்ச கோடு லினக்ஸ்ல எத்தனை ஜிபி ஃபைலுக்கும் ஓடும், விண்டோஸ்ல 2 ஜிபி தாண்டினதும் மைனஸ்ல காட்டும். பாயின்டரை லாங்ல போட்டு வெக்கற பழைய கோடு அங்க நேரா கிராஷ். எஸ்டிடிஇன்ட்.எச் சேர்த்து இன்ட்64_டி, இன்ட்பிடிஆர்_டின்னு சைஸ் சொல்ற டைப்பா மாத்திட்டா இந்தத் தலைவலி மொத்தமா போச்சு. பிரிண்ட்எஃப்ல போடும்போது பர்சன்ட் எல்டி வேணாம், பிஆர்ஐடி64 மேக்ரோவைப் போடுங்க. பர்சன்ட் இசட்யூகூட பழைய எம்எஸ்விசிஆர்டில (விண்டோஸோட பழைய சி லைப்ரரி) புரியாது, அங்க யூஸ்_மிங்ஜிடபிள்யூ_ஆன்சி_எஸ்டிடிஐஓ மேக்ரோவை (முன்னாடி ரெண்டு அண்டர்ஸ்கோரோட) 1னு டிஃபைன் பண்ணணும், யூசிஆர்டிக்கு (அதோட புது ரகம்) மாறினா அதுவும் வேணாம்.

ஏஆர்எம் லினக்ஸ் பக்கம் வேற ஒரு குழி. கெட்கார் ரிட்டர்ன் பண்றதை கார் டைப் வேரியபிள்ல வாங்கி, அது இஓஎஃப்க்கு (ஃபைல் முடிஞ்சுதுன்னு சொல்ற -1) சமமா இல்லாத வரைக்கும் லூப்னு எழுதியிருப்பாங்க. எக்ஸ்86ல கார் சைன்ட் (மைனஸ் நம்பரும் வெக்கலாம்), அதனால -1 வந்தா -1ஆவே நிக்கும், லூப் முடிஞ்சுடும். ஏஆர்எம் லினக்ஸ்ல கார் அன்சைன்ட், -1 போய் 255 ஆயிடும், 255 எந்தக் காலத்துலயும் -1க்கு சமமாகாது, ப்ரோக்ராம் சுத்திக்கிட்டே இருக்கும். சரியான மருந்து அந்த வேரியபிளை இன்ட் ஆக்கறது. கோடு பெருசு, எங்க எங்க இருக்குன்னு தெரியலன்னா தற்காலிகமா -எஃப்சைன்ட்-கார் ஃபிளாக் போட்டு சமாளிக்கலாம். ஆப்பிளோட ஏஆர்எம் சிப்ல கார் திரும்ப சைன்ட், அதனால "மேக் ஏஆர்எம்ல டெஸ்ட் பண்ணிட்டேன், போர்டுலயும் ஓடும்"னு நம்பிடாதீங்க.

விண்டோஸ்ல எஃப்ஓப்பன்ல வெறும் டபிள்யூன்னு தெறந்து இமேஜ் ஃபைல் எழுதினா, உள்ள எங்கெல்லாம் 10ங்கற பைட் வருதோ அங்கெல்லாம் முன்னாடி ஒரு 13ஐ அதுவாவே செருகிடும், இமேஜ் கெட்டுப் போகும். டபிள்யூபி, ஆர்பின்னு பி (பைனரில வர்ற பி) போட்டே எழுதுங்க, லினக்ஸ்ல அந்த பி ஒண்ணும் பண்ணாது, இருந்துட்டுப் போகட்டும். பாத்ல பேக்ஸ்லாஷ் போட்டுக்கிட்டு இருக்க வேணாம், சாதா ஸ்லாஷே விண்டோஸோட ஃபங்ஷனுக்கெல்லாம் புரியும். இன்க்ளூட்ல விண்டோஸ்.எச்னு பெரிய டபிள்யூ போட்டிருந்தா லினக்ஸ்ல கிராஸ் கம்பைல் பண்ணும்போது ஃபைல் இல்லன்னு வரும், மிங்ஜிடபிள்யூல எல்லாமே சின்ன எழுத்து.

ஓஎஸ்ஸைக் கண்டுபிடிக்க மேக்ரோ வெக்கறப்ப ரெண்டு விஷயம். _வின்32ங்கறது 64 பிட் விண்டோஸ்லயும் டிஃபைன் ஆகியிருக்கும். மேக்ல யூனிக்ஸ்ங்கற மேக்ரோ இருக்காது, ஆப்பிள்ங்கற மேக்ரோவைத்தான் பாக்கணும் (ரெண்டுக்கும் முன்னாடி பின்னாடி ரெண்டு ரெண்டு அண்டர்ஸ்கோர்). இந்த இஃப்டெஃப் எல்லாத்தையும் கோடு முழுக்க தூவாம, பிளாட்ஃபார்ம்_வின்.சி, பிளாட்ஃபார்ம்_போசிக்ஸ்.சின்னு ரெண்டு ஃபைல்ல ஒதுக்கிட்டு மத்த எல்லா ஃபைலும் சுத்தமா இருக்கற மாதிரி பாத்துக்கோங்க, ஆறு மாசம் கழிச்சு நீங்களே கும்பிடுவீங்க.

லினக்ஸ்ல இருந்து லினக்ஸுக்கே ஓடாத கொடுமை

விண்டோஸுக்கு எடுத்த எக்ஸ்இ பழைய மெஷின்லயும் ஓடுது, லினக்ஸுக்கு எடுத்தது பக்கத்து மெஷின்ல ஓடலன்னு பொலம்பல் வரும். எர்ரர் "வெர்ஷன் ஜிலிப்சி_2.34 நாட் ஃபவுண்ட்"னு இருக்கும். என்ன நடக்குதுன்னா, ஜிலிப்சில ஒவ்வொரு ஃபங்ஷனுக்கும் பின்னாடி ஒரு வெர்ஷன் நம்பர் ஒட்டியிருக்கு, கம்பைல் பண்ற மெஷின்ல எது புதுசோ அதைத்தான் லிங்கர் எடுத்துக்கும். பழைய பைனரி புது மெஷின்ல ஓடும், புதுசு பழசுல ஓடாது. உபுண்டு 22.04ல ஜிலிப்சி 2.35, 20.04ல 2.31. 2.34ல ப்ரோக்ராமை ஸ்டார்ட் பண்ற லிப்சி_ஸ்டார்ட்_மெயின் ஃபங்ஷனுக்கே புது நம்பர் குடுத்துட்டாங்க, அதனால 22.04ல போட்ட வெறும் ஹலோ வேர்ல்டுகூட 20.04ல ஓடாது. உங்க பைனரிக்கு எது வேணும்னு பாக்க ஆப்ஜ்டம்ப் -டி (பெரிய டி, டேபிள்ல வர்ற டி) குடுத்து ஜிலிப்சி_ன்னு கிரெப் பண்ணி, இருக்கறதுலயே பெரிய நம்பரைப் பாருங்க.

வழி மூணு இருக்கு. முதல் வழி, நீங்க சப்போர்ட் பண்ண நினைக்கறதுலயே ரொம்பப் பழைய டிஸ்ட்ரோவை டாக்கர்ல (ஒரு லினக்ஸுக்குள்ள இன்னொரு லினக்ஸ் சூழலை கன்டெய்னரா ஓட்டற டூல்) ஓட்டி அதுக்குள்ள பில்ட் எடுக்கறது. பைத்தான் பேக்கேஜ் உலகத்துல மெனிலினக்ஸ்னு இமேஜ் இருக்கே, அது இதைத்தான் பண்ணுது, மெனிலினக்ஸ்2014ங்கறது சென்ட்ஓஎஸ் 7 மேல, ஜிலிப்சி 2.17 வெச்சது.

ரெண்டாவது, ஜிக். அது ஒரு தனி லாங்குவேஜ்தான், ஆனா ஜிக் தெரியாமயே அதை சி கம்பைலரா யூஸ் பண்ணலாம். உள்ள கிளாங் இருக்கு, கூடவே பல ஓஎஸ்ஸோட லிப்சி ஹெட்டர், சோர்ஸ் எல்லாம் அடைச்சு ஒரே டவுன்லோடா குடுக்கறாங்க. ஜிக் சிசி -டார்கெட் எக்ஸ்86_64-லினக்ஸ்-குனு.2.28ன்னு அடிச்சா, ஜிலிப்சி 2.28க்கு ஓடற மாதிரியே பைனரி வரும். டாக்கர் வேணாம், சிஸ்ரூட் தேட வேணாம். நான் புதுசா யாருக்காவது சொன்னா இதைத்தான் முதல்ல சொல்லுவேன். ஒண்ணு மட்டும் ஞாபகம் இருக்கட்டும், ஆப்டிமைசேஷன் ஃபிளாக் குடுக்காம விட்டா அன்டிஃபைண்ட் பிஹேவியர் (என்ன நடக்கும்னு சி ரூல்லயே சொல்லாத தப்பு) செக்கை அதுவாவே ஆன் பண்ணிடும், ஜிசிசில இத்தனை நாள் ஒழுங்கா ஓடின ப்ரோக்ராம் இங்க பொட்டுனு செத்துடும். ஜிக்கைத் திட்டாதீங்க, உங்க கோடுல எங்கயோ ஓவர்ஃப்ளோ இருக்கு, கண்டுபிடிச்சுக் குடுத்திருக்கு. அவசரம்னா -ஓ2 (பெரிய ஓ) போட்டா அந்த செக் போயிடும்.

மூணாவது, மஸ்ல் வெச்சு முழு ஸ்டாட்டிக். வர்ற பைனரி எந்த டிஸ்ட்ரோலயும், ஒண்ணுமே இல்லாத காலி கன்டெய்னர்லகூட ஓடும். ஜிலிப்சியையே ஸ்டாட்டிக் பண்ணக் கூடாதான்னு கேட்டா, பண்ணலாம், ஆனா பேரை ஐபியா மாத்தற கெட்ஆட்ர்இன்ஃபோ மாதிரி ஃபங்ஷனுக்கு அது ஓடும்போது திரும்ப ஷேர்ட் லைப்ரரியைத் தேடிப் போகும், லிங்கரே வார்னிங் குடுக்கும். மஸ்ல்லயும் ஓசி சாப்பாடு இல்ல, திரெட் ஸ்டாக் டிஃபால்ட்டா 128 கேபிதான், ஜிலிப்சில வழக்கமா 8 எம்பி கிடைக்கும், அதனால திரெட்டுக்குள்ள ஆழமா ரிகர்ஷன் போற கோடு மஸ்ல்ல விழுந்துடும். நிறைய திரெட்ல மாலாக் அடிக்கற ப்ரோக்ராம் மெதுவாவும் போகும். சின்ன சின்ன கமாண்ட் லைன் டூலுக்கு மஸ்ல் அருமை, பெரிய சர்வருக்கு அளந்து பாத்துட்டு முடிவு பண்ணுங்க.

ஏஆர்எம் போர்டுக்கு எடுக்கணும்னா ஜிசிசி-ஏஆர்ச்64-லினக்ஸ்-குனு பேக்கேஜ், டெஸ்டுக்கு கியூஎமு-யூசர். கியூஎமு-ஏஆர்ச்64 -எல் (பெரிய எல்) குடுத்து, யூஎஸ்ஆருக்குள்ள இருக்கற ஏஆர்ச்64-லினக்ஸ்-குனு ஃபோல்டரைக் காட்டினா, உங்க எக்ஸ்86 மெஷின்லயே ஏஆர்எம் பைனரி ஓடும். மெதுவாத்தான் ஓடும், ஆனா மேல சொன்ன கார் பிரச்சனை எல்லாம் இதுலயே மாட்டிடும்.

சிமேக்ல எப்படி

பத்து ஃபைலுக்கு மேல போனா கையால அடிச்சு மாளாது. சிமேக்ல (பில்ட் வேலையை தானா நடத்தற டூல்) டூல்செயின் ஃபைல்னு ஒண்ணு எழுதணும், ரொம்ப சின்னது. சிமேக்_சிஸ்டம்_நேம்ல விண்டோஸ்னு, சிமேக்_சி_கம்பைலர்லயும் சிஎக்ஸ்எக்ஸ்_கம்பைலர்லயும் அந்த நீளப் பேரு, ஃபைண்ட்_ரூட்_பாத்ல சிஸ்ரூட். அப்புறம் முக்கியமான மூணு வரி: ஃபைண்ட்_ரூட்_பாத்_மோட்_ப்ரோக்ராமுக்கு நெவர், லைப்ரரிக்கும் இன்க்ளூடுக்கும் ஓன்லி. இதோட அர்த்தம், பில்ட் நேரத்துல ஓட்ட வேண்டிய டூலை என் மெஷின்ல தேடு, லைப்ரரியையும் ஹெட்டரையும் அந்த ஊர் ஃபோல்டர்ல மட்டும் தேடு. இதை விட்டுட்டா உங்க லினக்ஸோட இசட்லிப் ஹெட்டரை எடுத்து விண்டோஸ் பில்டுல கலந்துடும், அப்புறம் வர்ற எர்ரர் ஒண்ணும் புரியாது. பிகேஜி-கான்ஃபிக் (லைப்ரரி எங்க இருக்குன்னு சொல்ற டூல்) யூஸ் பண்ற ப்ராஜெக்ட்டா இருந்தா பிகேஜி_கான்ஃபிக்_லிப்டிர் வேரியபிளை சிஸ்ரூட்டுக்குத் திருப்புங்க. பிகேஜி_கான்ஃபிக்_பாத்தை மாத்தறது பத்தாது, அது இருக்கறதோட சேர்த்துத்தான் தேடும், லிப்டிர்தான் பழசை மறக்க வெக்கும்.

டூல்செயினை மாத்தினா பில்ட் ஃபோல்டரையும் புதுசா வெச்சுக்கோங்க, சிமேக் முதல் தடவை கண்டுபிடிச்ச கம்பைலரை கேஷ்ல வெச்சுக்கிட்டு மாறவே மாறாது. பில்ட்-லினக்ஸ், பில்ட்-வின், பில்ட்-ஏஆர்எம்னு தனித்தனியா. நடுவுல "எக்ஸெக் ஃபார்மட் எர்ரர்"னு வந்தா, உங்க ப்ராஜெக்ட் ஒரு சின்ன ஜெனரேட்டர் ப்ரோக்ராமை கம்பைல் பண்ணி அதை அங்கயே ஓட்டி கோடு தயாரிக்கப் பாக்குதுன்னு அர்த்தம். அந்த ஜெனரேட்டரும் ஏஆர்எம் பைனரியா வந்திருக்கும், உங்க மெஷின்ல எப்படி ஓடும்? அதை மட்டும் லோக்கல் கம்பைலர்ல தனியா பில்ட் பண்ணி, அந்த பாத்தைக் குடுக்கணும்.

மேக்

மேக்குக்கு மட்டும் ஒரு மேக் வேணும்னு ஏன் சொன்னேன்னா, அங்க தடுக்கறது கம்பைலர் இல்ல, எஸ்டிகே (ஆப்பிள் தர்ற ஹெட்டர், லைப்ரரி தொகுப்பு). கிளாங்குக்கு மாக்-ஓ போடத் தெரியும், ஓஎஸ்எக்ஸ்கிராஸ்னு ஒரு ப்ராஜெக்ட் லினக்ஸ்ல இருந்தே மேக்குக்கு எடுக்க உதவும், ஆனா எக்ஸ்கோட் எஸ்டிகேவை ஆப்பிள் மெஷின்லதான் யூஸ் பண்ணணும்னு லைசென்ஸ்ல போட்டிருக்கு. ஃபிரேம்வொர்க் எதுவும் தொடாத சாதா சி ப்ரோக்ராம்னா ஜிக் சிசியே மேக்குக்கும் எடுத்துக் குடுத்துடும். ஜன்னல், கேமரா, சவுண்டுன்னு போனா ஒழுங்கா ஒரு மேக்ல பில்ட் பண்றதுதான் வழி, சொந்தமா இல்லன்னா சிஐ சர்வீஸ்ல (நெட்ல தானா பில்ட் பண்ணித் தர்ற சேவை) மேக் ரன்னர் கிடைக்கும்.

மேக்ல ஜிசிசின்னு அடிச்சாலும் வர்றது கிளாங்தான், அது தெரிஞ்சுக்கோங்க. 2020 நவம்பர்ல ஏஆர்எம் சிப் மேக் வந்ததுல இருந்து ரெண்டு ப்ராசஸர் புழக்கத்துல இருக்கு. -ஆர்ச் ஏஆர்எம்64 -ஆர்ச் எக்ஸ்86_64ன்னு ரெண்டையும் ஒரே கமாண்டுல குடுத்தா ரெண்டும் உள்ள இருக்கற ஒரே யூனிவர்சல் பைனரி வரும், லிபோ -இன்ஃபோல செக் பண்ணலாம். பழைய மேக்ஓஎஸ்லயும் ஓடணும்னா -எம்மேக்ஓஎஸ்எக்ஸ்-வெர்ஷன்-மின் ஃபிளாக்ல நம்பரைக் குடுங்க. ஹோம்ப்ரூல போட்ட லைப்ரரியை லிங்க் பண்ணீங்கன்னா யூனிவர்சல் படுத்துடும், அது அந்த மெஷினோட ஒரு ஆர்க்கிடெக்சருக்கு மட்டும்தான் வரும், லைப்ரரியையும் நீங்களே ரெண்டுக்கும் பில்ட் பண்ணணும்.

ஏஆர்எம் மேக்ல கையெழுத்து இல்லாத பைனரி ஓடவே ஓடாது, கில்ட் 9னு ஒரு வரி வந்து முடிஞ்சுடும். லிங்கரே ஒரு அட்-ஹாக் கையெழுத்து போட்டுடும், அதனால சாதாரணமா தெரியாது. ஆனா அதுக்கப்புறம் இன்ஸ்டால்_நேம்_டூல் வெச்சு லைப்ரரி பாத்தை மாத்தினா கையெழுத்து செல்லாம போக சான்ஸ் இருக்கு, எதுக்கும் கோட்சைன் -எஃப் -எஸ் போட்டு பேருக்குப் பதிலா ஒரு ஹைஃபன் குடுத்து திரும்பக் கையெழுத்து போட்டுடுங்க. மத்தவங்க டவுன்லோட் பண்ணி ஓட்டணும்னா இது பத்தாது, ஆப்பிள் டெவலப்பர் அக்கவுன்ட்டும் நோட்டரைசேஷனும் (ஆப்பிள் செக் பண்ணி ஓகே சொல்றது) வேணும்.

கோ, ரஸ்ட்ல எழுதறவங்களுக்கு இதுல பாதி வேலை இல்ல. கோல கோஓஎஸ், கோஆர்ச்னு ரெண்டு வேரியபிளை செட் பண்ணிட்டு கோ பில்ட் அடிச்சா முடிஞ்சுது, சி லைப்ரரி தேவைப்படாத வரைக்கும். சிகோ_எனேபில்டை 0ன்னு வெச்சுக்கோங்க. சிகோ (கோல இருந்து சி கோடைக் கூப்பிடற வசதி) வேணும்னா இவ்வளவு நேரம் பேசினது எல்லாம் திரும்ப வந்து உக்காந்துக்கும், அப்ப சிசி வேரியபிள்ல ஜிக் சிசியைக் குடுக்கறது நல்ல குறுக்கு வழி. ரஸ்ட்ல ரஸ்டப் டார்கெட் ஆட்னு டிரிப்பிளைச் சேர்த்தா ஸ்டாண்டர்ட் லைப்ரரி வந்துடும், லிங்கர் வராது, அதை கார்கோ கான்ஃபிக்ல நீங்கதான் காட்டணும்.

கடைசியா எல்லாரும் கேக்கற லைசென்ஸ் கேள்வி. ஜிசிசி ஜிபிஎல்லாச்சே, அதுல கம்பைல் பண்ணா என் சோர்ஸையும் தெறந்து குடுக்கணுமான்னா, வேணாம். உங்க பைனரிக்குள்ள போய் ஒட்டிக்கற லிப்ஜிசிசி, லிப்எஸ்டிடிசி++ ரெண்டுக்கும் ரன்டைம் லைப்ரரி எக்ஸப்ஷன்னு தனியா எழுதி வெச்சிருக்காங்க, தாராளமா க்ளோஸ்ட் சோர்ஸா விக்கலாம். ஜிலிப்சியை ஸ்டாட்டிக்கா அமுக்கினாத்தான் யோசிக்கணும், அது எல்ஜிபிஎல், வாங்கறவரு வேற ஜிலிப்சி போட்டு திரும்ப லிங்க் பண்ணிக்கற மாதிரி ஆப்ஜெக்ட் ஃபைலாவது குடுக்கணும். மஸ்ல் எம்ஐடி லைசென்ஸ்ல இருக்கு, காப்பிரைட் நோட்டீஸை கூட வெச்சு அனுப்பினா போதும்.